எழுந்து நிற்றல் தொடர்பாக

முதியோர் இல்லத்தில் அவளுக்கு 'எந்திரிங்கம்மா' என்று பெயர். காலையில் முதல் அறைக்குள் நுழைந்ததிலிருந்து மாலையில் செருப்பை மாட்டும்வரை அவள் வாயில் அதிகம் வந்த சொல் அதுதான். பிசியோதெரபி படித்தவள். அம்மாவுக்கு அதில் மனக்குறை. நாலரை வருஷம் படிக்கவைத்தது கிழவர்களின் காலைப் பிடித்துவிடவா என்று கேட்பாள். சொந்தக்காரர்களிடம் மட்டும் 'எலும்பு டாக்டர் மாதிரி' என்பாள், 'மாதிரி'யை விழுங்கிவிட்டு. கணவர் லிஃப்ட் பழுதுபார்ப்பவர். படியேறச் சொல்லிப் பிழைப்பவளும் படியேறவிடாமல் பிழைப்பவரும் ஒரே வீட்டில் சண்டையில்லாமல் குடித்தனம் நடத்தியது அக்கம்பக்கத்தாருக்கு ஆச்சரியம்.

தொடக்கத்தில் விளையாட்டு வீரர்களுக்கான மருத்துவமனை ஒன்றில் இருந்தாள். அங்கே எல்லாருக்கும் அவசரம். முழங்கால் சவ்வு கிழிந்த பந்தாட்டக்காரர்கள் நாளைக்கே ஓடவேண்டும் என்பார்கள். உட்காரச் சொல்லிக் கெஞ்சியே தொண்டை வற்றிப்போகும். தோழி ஒருத்தி பிரசவ விடுப்பில் போக, பதினைந்து நாள் மட்டும் பார்த்துக்கொள்வதாக முதியோர் இல்லத்துக்கு வந்தாள். உட்கார்ந்தவர்களை எழுப்புவது அவள் குணத்துக்கு ஒத்துப்போயிற்று. தோழியின் குழந்தை கல்லூரிக்குப் போய்விட்டது. இவள் இன்னும் அந்தப் பதினைந்து நாளை முடிக்கவில்லை.

தலை சுற்றுகிறது, நாளைக்குப் பார்க்கலாம், மகன் வந்தால்தான் எழுந்திருப்பேன் என்று ஊரில் உள்ள சாக்கெல்லாம் அவளுக்கு அத்துப்படி. அத்தனைக்கும் கைவசம் பதில் வைத்திருந்தாள். சூப்பிரண்டு வந்தபோதுதான் கற்ற வித்தையெல்லாம் கைவிட்டது.

அவர் முப்பத்தாறு வருஷம் ஓர் அரசு அலுவலகத்தில் கோப்புகளோடு வாழ்ந்து, சூப்பிரண்டாக ஓய்வு பெற்றவர். வயது எண்பத்தொன்று. குளியலறையில் வழுக்கி இடுப்பெலும்பு முறிந்து, அறுவைச் சிகிச்சை நடந்து, எலும்பும் கூடிவிட்டது. இனி நடக்கவேண்டியதுதான் பாக்கி, படுத்தே இருந்தால் புண் வரும் என்று மருத்துவர் சொல்லி அனுப்பியிருந்தார். மகள் வேலைக்குப் போகிறவள்; நடை வரும்வரை இருக்கட்டும் என்று இங்கே சேர்த்திருந்தாள். சூப்பிரண்டு நாற்காலியில் ஆணி அடித்தாற்போல் உட்கார்ந்திருந்தார்.

"எந்திரிங்க ஐயா."

"எந்த உத்தரவுப்படி?"

விளையாட்டென்று நினைத்துச் சிரித்தாள். அவர் சிரிக்கவில்லை. டாக்டர் சொல்லியிருக்கிறார் என்றாள். வாய்மொழி உத்தரவை நம்பி ஒரு காகிதத்தைக்கூட நகர்த்தியதில்லை, உடம்பை எப்படி நகர்த்துவது என்று அவர் கேட்டார். நாலு நாள் கெஞ்சினாள், மிரட்டினாள், மகளை வரவழைத்தாள். மகள் அழுதாள். அதற்கும் எழுத்துபூர்வமான ஆதாரம் எதுவும் இல்லை என்று சொல்லிவிட்டார்.

ஐந்தாம் நாள் எரிச்சல் தாங்காமல் ஒரு வெள்ளைத்தாளில் எழுதி நீட்டினாள். 'பெறுநர்: சூப்பிரண்டு அவர்கள். பொருள்: நாற்காலியிலிருந்து எழுந்து நிற்றல் தொடர்பாக.' அவர் முகத்தில் அன்றுதான் ரத்தம் ஓடிற்று. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு இரண்டு முறை படித்தார், திருப்பிக் கொடுத்தார். இடப்பக்கம் விளிம்பு விடவில்லை, எத்தனை நிமிஷம் நிற்பது என்று குறிப்பிடவில்லை, டாக்டர் சீட்டின் நகல் இணைக்கவில்லை. மூன்று முறை மாற்றி எழுதினாள். நாலாவது முறை தலையசைத்தார்.

"கையெழுத்துப் போடணும். மடியில வச்சா போடுறது? மேசை எங்கே?"

மேசை ஜன்னலோரம், நாலடி தள்ளி இருந்தது. அவள் வாக்கரை முன்னால் வைத்தாள். சூப்பிரண்டு எழுந்தார், நடந்தார், கையெழுத்திட்டுத் தேதியும் போட்டார். எழுந்து நிற்க அனுமதி வழங்கப்பட்டது. அதை நின்றுகொண்டேதான் வழங்கினோம் என்பது அவருக்குத் தோன்றவில்லை; அவள் தாளை வாங்கிப் பத்திரப்படுத்தினாள்.

அடிமேல் அடி வைத்தால் அம்மியும் நகரும் என்பார்கள். இங்கே அவர் அடிமேல் அடி வைப்பதற்காக மேசை நகர்ந்தது. தினமும் அவர் குளிக்கப் போகும் நேரத்தில் இரண்டடி தள்ளினாள். இரண்டாம் வாரம் அது கதவைத் தாண்டியது. அடுத்த வாரம் தாழ்வாரத்தில் நின்றது. முத்திரை இல்லாத உத்தரவு செல்லாது என்றார். முத்திரை ஒன்று செய்து மாடியில் வைத்தாள். பதினான்கு படி.

மற்றவர்கள் பார்த்துக்கொண்டு சும்மா இருப்பார்களா? முழங்காலை மடக்கவே மாட்டேன் என்று மூன்று மாதமாகப் பிடிவாதம் பிடித்த எதிரறைத் தையல்காரம்மா, தனக்கு மட்டும் ஏன் உத்தரவு வரவில்லை என்று சண்டைக்கு வந்தார். தபால் பிரிவு அவருக்குக் கொடுக்கப்பட்டது. கடிதங்கள் அடி இழுப்பறையில் இருந்தன. குனிந்து எடுத்து எடுத்து முழங்கால் தானாக மடங்கிற்று. பக்கவாதத்தில் வலக்கை விழுந்த கணக்கு வாத்தியார் நாளொன்றுக்கு நாற்பது சுருக்கொப்பம் போட்டார். இரண்டே மாதத்தில் தாழ்வாரத்தில் ஆறு மேசை. யாரும் சும்மா உட்கார்ந்திருக்கவில்லை. எந்த வேலையும் முடியவுமில்லை.

இதை நிறுத்தச் சொல்லி இல்லத்து மேலாளர் ஒரு சுற்றறிக்கை அனுப்பினார். இணைப்பு இல்லை என்று திரும்பி வந்தது. இணைப்போடு நேரில் போனார். மாடிக்குப் போகச் சொன்னார்கள்; மாடியில் கீழே போகச் சொன்னார்கள். ஒரு மாதத்தில் அவருக்கு ஐந்து கிலோ குறைந்தது. சுற்றறிக்கை பரிசீலனையில் இருந்தது.

அந்தச் சமயம் பார்த்துத்தான் ஆண்டு ஆய்வுக்கு அரசு அதிகாரி வந்தார். மேலாளர் அறை எது என்று தெரியாமல் நேராகத் தாழ்வாரத்துக்குள் நுழைந்துவிட்டார். எந்திரிங்கம்மா பின்னாலேயே ஓடினாள். தையல்காரம்மா தலைநிமிராமலே வரிசையில் நிற்கச் சொன்னார். அதிகாரி நின்றார். அடுத்த மேசைக்குப் போகச் சொன்னார்கள், போனார். வாழ்நாள் பழக்கம் அல்லவா. எதற்கு என்று கேட்கவே அவருக்குத் தோன்றவில்லை. ஆறு மேசையும் பார்த்து, படியேறி இறங்கி, வியர்த்து விறுவிறுத்துக் கடைசியில் சூப்பிரண்டு முன்னால் வந்து தன் ஆய்வு உத்தரவை நீட்டினார்.

"தேதி இல்லையே, தம்பி" என்றார் சூப்பிரண்டு.

அதிகாரி எட்டிப் பார்த்தார். உண்மையாகவே இல்லை. முகம் வெளுத்துப்போய், மேலிடத்துக்குத் தெரியவேண்டாம் என்று கேட்டுக்கொண்டு, அங்கேயே தேதி எழுதி முத்திரையும் வாங்கிக்கொண்டார். வாசலில் அவளைத் தனியாக நிறுத்தினார்.

"தப்பா நினைக்காதீங்க. இது எந்தத் துறைங்க?"

"முழங்கால் துறைங்க" என்றாள்.

அவர் தெரிந்தவர்போல் தலையாட்டிவிட்டுப் போனார். பத்து நாளில் அறிக்கை வந்தது. நிர்வாகம் மிகச் சிறப்பாக உள்ளதாம். மேலாளர் அதைக் கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டினார். சுற்றறிக்கையைப் பற்றி அப்புறம் மூச்சு விடவில்லை.

சூப்பிரண்டுக்கு நடை முழுதாக வந்தது. மகள் அழைத்துப்போக நாள் குறித்தாள். சிகிச்சை நிறைவு பற்றிய கடிதத்தை எந்திரிங்கம்மா முறையாக எழுதி வைத்தாள். எந்தத் தாளையும் ஒரு நாளுக்குமேல் தங்கவிடாதவர், அதை மூன்று நாள் தலையணைக்கடியில் வைத்திருந்தார். அவளும் கேட்கவில்லை. அவள் எழுப்பி நடக்கவைத்தவர்களில் பாதிப்பேர் திரும்பவும் படுத்தவர்கள். சிலர் ஒரேயடியாகப் படுத்துவிட்டார்கள். நல்லபடியாக நடந்து வெளியே போகிற ஒருவரை அனுப்ப மனசு இப்படி அடம்பிடிப்பது அவளுக்கே வெட்கமாக இருந்தது.

நாலாம் நாள் கடிதம் வந்தது. ஒரு சந்திப்பிழையைச் சிவப்பு மையில் திருத்தியிருந்தார். பொறுப்பைத் தையல்காரம்மாவிடம் ஒப்படைத்துவிட்டு, மகளின் காரில் முன்பக்கம் ஏறி உட்கார்ந்தார். திரும்பிப் பார்க்கவில்லை. அவள்தான் கேட் வரைக்கும் போய் நின்றாள்.

இப்போது தினமும் காலையில் பக்கத்து அரசு அலுவலக வாசலுக்கு நடந்தே போய்விடுகிறாராம். மனு கொடுக்க வருகிறவர்களைத் தடுத்து, பிழை திருத்தித்தான் உள்ளே விடுகிறாராம். மதியம்வரை வீடு திரும்புவதில்லை என்று மகள் ஃபோனில் குறைபட்டுக்கொண்டாள். நீங்கள் சொன்னால் கேட்பார் என்றாள். எழுதி அனுப்புவதாகச் சொன்ன எந்திரிங்கம்மா இன்றுவரை எழுதவில்லை.