இடம் மாறிய நட்சத்திரச் சக்கரம்

வெர்னா நோவாட்னியின் பழைய காரை உடைக்கப் போடுவதற்காக அவள் தம்பி டுவேன் இழுவை வண்டியோடு வந்து நின்றான்.

"பிரேக்க மிதிச்சா தரையத் தொடுது. பிரேக் பம்பு போச்சு, வெர்னா. அதுக்கு சாமான் தேடி முடிக்கிறதுக்குள்ள உனக்கு பென்ஷன் வந்துரும். சாவியக் குடு."

"தர மாட்டேன். நீ வேணா படியில உக்காந்து டோனட் தின்னு."

ஆலையை மூடிவிட்டார்கள், கணவன் விட்டுப் போய்விட்டான். ஒஹையோவின் அந்தச் சிற்றூரில் எல்லா முடிவுகளையும் வேறு யாரோ வந்துதான் அவளிடம் சொல்லியிருக்கிறார்கள். கார் போனால் ஆஸ்பத்திரிச் சலவைக்கூட வேலையும் போகும். அந்தப் பக்கம் பேருந்து கிடையாது. இந்த ஒன்றையாவது தன் கண்ணால் பார்த்த பிறகே நம்புவதென்று இருந்தாள்.

தேவாலயத்துப் பழைய சாமான் விற்பனையில் வாங்கிய தடித்த புத்தகத்தை பானட்டின்மேல் விரித்தாள். கார் கம்பெனி தன் மெக்கானிக்குகளுக்கென்றே அச்சடித்தது.

"பின் பிரேக்க வீடியோ பாத்து மாத்துனது நீதானே?" என்றான் டுவேன்.

"நான்தான். ரெண்டு பக்கத்தையும் ஒண்ணாக் கழட்டி, எல்லாத்தையும் ஒரே காப்பி டின்ல போட்டேன்."

ஒரு பக்கத்தை முடித்த பிறகே மறுபக்கத்தைத் திறக்கவும் என்று புத்தகத்தில் தடித்த எழுத்தில் இருந்தது. கீழே, பிரேக் கட்டைகளை விரிக்கும் நட்சத்திரச் சக்கரத்தின் படம். இடதுக்கு ஒரு மரை, வலதுக்கு எதிர் மரை. இடம் மாறினால் கட்டைகள் விரியாமல் சுருங்கும்.

ஜாக்கி வைத்து காரின் இடது பின்சக்கரத்தைக் கழற்றினாள். உள்ளே இருந்த நட்சத்திரச் சக்கரத்தைத் துடைத்துப் பார்த்தாள். வலதுக்கான ஆங்கில எழுத்து 'ஆர்' பொறித்திருந்தது.

"பம்பு இல்ல. என் தப்பு!"

"இதுல என்ன சந்தோஷம் உனக்கு?"

"என் தப்புன்னா நானே சரிபண்ணலாம்ல?"

இரண்டையும் இடம் மாற்றிப் பூட்டினாள். கட்டைகள் தானாக விரிய, பின்னோக்கி ஓட்டி ஓட்டி பிரேக் அடிக்கச் சொல்லியிருந்தது புத்தகம். சந்து முழுக்கப் பின்னாலேயே போனாள், குலுங்கிக் குலுங்கி நின்றாள்.

"முன்னாடி போற கியர் இல்லையா, வெர்னா?" எதிர்வீட்டு ஐரீன் ஜன்னலிலிருந்து கத்தினாள்.

"இருக்கு! இன்னும் வேளை வரல!"

ஒவ்வொரு மிதிக்கும் பெடல் கொஞ்சம் மேலே வந்தது. கடைசியில் டுவேன் ஏறி உட்கார்ந்து ஓங்கி மிதித்தான். பெடல் பாதியிலேயே கல்லாக நின்றது.

"அடுத்த மாசம் வேற எதாச்சும் போகும்," என்று முனகினான்.

"போகட்டும். இன்னும் அறுநூறு பக்கம் இருக்கு. இப்ப எறங்கு, எனக்கு வேலைக்கு நேரமாச்சு."