அமெரிக்காவைப் பார்க்காத கௌபாய்

யாழ்ப்பாணத்துத் தியேட்டர்களில் குதிரையேறி வந்து சுட்டுத் தள்ளிய அந்த நடிகரை நான் அமெரிக்கர் என்றே நம்பியிருந்தேன். எண்பதுகளில் ஆஸ்திரேலியாவுக்குக் குடிபெயர்ந்து நோபல் பார்க்கில் இருந்தபோது, பக்கத்து வீட்டு ஜெர்மன்காரி சொல்லித்தான் உண்மை தெரிந்தது. அவர் அவளுடைய ஊர்க்காரராம். இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு நாடகங்களில் சின்னச் சின்ன வேடம் போட்டவர். கௌபாய் படங்கள் எல்லாம் ஸ்பெயினில் எடுத்தவை. குதிரையேறவே முதல் படத்தில்தான் பழகினாராம்.

எனக்கு எரிச்சல் வந்தது. கொழும்பில் கணக்காளராக இருந்த என்னை, "உள்ளூர் அனுபவம் இல்லை" என்று சொல்லியே எல்லா இடத்திலும் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்தார்கள். அடுத்த நேர்முகத்திலும் அதையே கேட்டார்கள்.

"இல்லை. குதிரையைத் தந்தால்தானே ஏறிப் பழகலாம்," என்றேன்.

எந்தக் குதிரை என்று அந்த அதிகாரி கேட்கவில்லை. திங்கட்கிழமை வேலைக்கு வரச் சொன்னார்.