கைப்பைக்குள் இருந்த காட்சி

இஸ்தான்புல்லில் பல ஆண்டுகள் பிறருடைய கதைகளுக்கு ஒளிப்பதிவு செய்துவிட்டு, நடுவயதில் ஆக்லாந்துக்கு வந்து இயக்குநரான ஒருவரிடம் நான் சில மாதங்கள் மொழிபெயர்ப்பாளராக இருந்தேன். 2010களின் நடுப்பகுதி அது. நகர மையத்திலுள்ள பல்கலைக்கழகத்தில் சமூகப்பணி முதுகலையை அப்போதுதான் முடித்திருந்தேன். நகரத்துக்குத் தெற்கே புக்கெகோஹியில் காய்கறி பொதியிடும் கொட்டகைகளில் வேலை செய்யும் பெண்களைப் பற்றி அவர் எடுத்த ஆவணப்படத்தில் தமிழ்ப்பெண் ஒருவரும் இருந்ததால் என்னை அழைத்தார்.

அவர் ஒளிப்பதிவு செய்த பழைய படங்களை நான் பார்த்திருந்தேன். மழைக்கு முந்தைய வெளிச்சத்தை அவ்வளவு பொறுமையாகக் காத்திருந்து பிடித்தவர், கேமராவை ஏன் இன்னொருவரிடம் கொடுத்தார் என்று ஒருமுறை காரில் போகும்போது கேட்டேன். "எப்படிக் காட்டுவது என்றுதான் ஒளிப்பதிவாளனிடம் கேட்பார்கள். காட்டலாமா என்று யாரும் கேட்பதில்லை. அந்தக் கேள்வி என்னிடம் வர வேண்டும் என்று ஆசைப்பட்டேன்" என்றார். சொல்வதற்கு எளிதான வாக்கியம் என்றே அன்று எனக்குப் பட்டது.

அந்தத் தமிழ்ப்பெண் யாழ்ப்பாணத்துக்காரர். மகளுடன் பிளாட் புஷ் என்ற புறநகரில் வாடகைக்கு இருந்தார். இடைவேளை நேரத்துக்குக் கொட்டகையில் சம்பளம் தருவதில்லை என்பதைக் கேமராவின் முன் சொல்லத் துணிந்தார். அவருடைய விசாவோ அந்தக் கொட்டகை முதலாளியோடு பிணைக்கப்பட்டிருந்தது. வேறு வேலைக்கு மாறப் போட்ட புது விசா விண்ணப்பத்துக்கு இன்னும் பதில் வரவில்லை.

அவர் வீட்டு ஜன்னல் ஓரத்தில் வைத்துப் படம் எடுத்தோம். முகத்தில் வெளிச்சம் விழுந்த விதத்தில் கேமராவை இயக்கிய பெண் மெய்மறந்திருந்தார். எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது.

"முகத்தை மறைச்சிடலாம்க்கா. வேலை போச்சுன்னா விசாவும் போயிடும்."

"அது எனக்குத் தெரியாதோ? நீர் மட்டும்தான் யோசிக்கிறனீர் எண்டு நினைச்சீரோ? மறைச்சால் களவெடுத்தவள் கதைக்கிற மாதிரியெல்லோ இருக்கும்."

"அதுக்கில்லக்கா..."

"ஓம், எனக்கும் பயம்தான். எண்டாலும் முகம் என்ர முகம்தானே."

நாங்கள் இருவரும் பேசியதை இயக்குநருக்கு மொழிபெயர்த்தேன். அவர் கேமராவிலிருந்து மெமரி கார்டைக் கழற்றி, ஓர் உறையில் போட்டு அக்காவிடம் நீட்டினார். "விசா வரட்டும். அதன் பிறகும் விருப்பம் இருந்தால் கொடுங்கள். இல்லாவிட்டாலும் இது உங்களுடையது."

"நகல்கூட எடுக்கவில்லையே!" என்று பதறினார் கேமராப் பெண். எடுத்ததை அன்றே இரண்டு இடங்களில் சேமிக்க வேண்டும் என்பது அந்தத் தொழிலின் முதல் பாடம்.

"நகல் என்னிடம் இருந்தால் கொடுத்ததாக ஆகாது."

அக்கா உறையைக் கைப்பைக்குள் வைத்து ஜிப்பை இழுத்தார். "மீன் வாங்கேக்க நனைச்சுப்போடாமல் இருந்தால் சரி" என்று என்னிடம் சிரித்தார்.

திரைப்பட விழாவுக்கு அனுப்பவேண்டிய கடைசி நாள் நெருங்கியது. படத்தின் நடுவே அக்கா பேச வேண்டிய இடம் காலியாகவே இருந்தது. முகத்தை மறைக்கச் சொன்ன நானே, ஒருமுறை அக்காவுக்குப் போன் செய்து கேட்கலாமா என்றேன். "நாம் கேட்டால் அது வற்புறுத்தல்" என்றார் இயக்குநர். விழா எங்கள் படம் இல்லாமல் நடந்து முடிந்தது. மற்றப் பெண்கள் பேசியது வெளிவருவதும் அதனால் தாமதமாயிற்று என்பதை மறைப்பதற்கில்லை. ஒவ்வொருவரிடமும் இயக்குநரே நேரில் போய்க் காரணம் சொன்னார். ஒருவர் கோபித்துக்கொண்டு கதவைச் சாத்தினார். கல்யாணங்களுக்கு வீடியோ எடுத்து வாடகை கட்டிக்கொண்டிருந்த காலம் அது அவருக்கு. ஒளியைப் பிடிக்கத் தெரிந்தவர்களை அதற்குப் பிறகும் சந்தித்திருக்கிறேன். பிடித்ததை விட்டுக்கொடுக்கத் தெரிந்தவராக அவர் ஒருவரையே அறிவேன்.

அடுத்த கோடையில் விசா வந்தது. முதியோர் இல்லமொன்றில் வேலைக்குச் சேர்ந்த அக்கா, யாரும் கேட்காமலே மெமரி கார்டைக் கொண்டுவந்து கொடுத்தார். படத்தை பிளாட் புஷ்ஷில் ஒரு சமூகக் கூடத்தில் திரையிட்டோம். அவர் முகம் திரை முழுவதும் நிறைந்தபோது மகள் அவர் காதருகே குனிந்து, "அம்மா, யூ லுக் ஸோ ஆங்ரி" என்றாள்.

"கோவம்தானே பிள்ளை" என்றார் அவர், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "அதைத்தானே கதைச்சனான்."