வெள்ளிக்கிழமைச் சுவர்

“உங்க வூட்டுல ஒரு செண்ட் நெலம் உண்டா? நெலம் இல்லாதவங்களுக்கு எல்லைத் தகராறு இன்னா புரியும்?”

என் முதல் கட்சிக்காரர், தொண்டூர் கோவிந்தம்மாள், என்னிடம் கேட்ட முதல் கேள்வி இது. செஞ்சி கோர்ட்டுக்குப் பக்கத்தில் சீனியரின் அறை. அவர் கேஸ் கட்டை என் பக்கம் தள்ளியது அந்தம்மாவுக்குப் பிடிக்கவில்லை. எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். நைனா ஊரார் நிலத்துக்கெல்லாம் வரப்பு கட்டியவர். எங்களுக்கு எல்லைத் தகராறு வந்ததே இல்லை; எல்லையே கிடையாது. இதையெல்லாம் அவரிடம் சொல்லவில்லை. வழக்குரையைப் படித்துக் காட்டினேன்.

அவர் வீட்டுக்கும் பக்கத்து வீட்டு ஏழுமலை வீட்டுக்கும் நடுவில் ஒரு சந்து. பின்னால் இருக்கும் கொட்டகைக்கு மாடு போய்வர அது ஒன்றுதான் வழி. பட்டாப்படி சந்து கோவிந்தம்மாளுடையது. ஏழுமலை அதை மறித்துச் சுவர் எழுப்பப் போவதாகச் சொல்லிக்கொண்டிருந்தார். எழுப்பக் கூடாது என்று உறுத்துக்கட்டளை கேட்டோம். அவர் முன்னதாகவே கேவியட் போட்டு வைத்திருந்தார். அதனால் அவர் தரப்பைக் கேட்காமல் தடை தரமுடியாது. நோட்டீஸ், வாய்தா என்று போயிற்று.

ஒரு வெள்ளிக்கிழமை மதியம் கோவிந்தம்மாள் போன் செய்தார். செங்கல் இறங்கிவிட்டது. இருக்கும் நிலையை மாற்றக் கூடாது என்று கேட்கும் அவசர மனுவை உடனே டைப் செய்தேன். திண்டிவனத்தில் ஒரு கல்யாணத்தில் இருந்த சீனியரைக் கூப்பிட்டேன்.

“திங்கக்கெழம பாத்துக்கலாம்மா. ரெண்டு நாள்ல இன்னா கோட்டையா கட்டிடப் போறான்?”

கோட்டை கட்டவில்லை. சுவர்தான் கட்டினார். கோர்ட் மூடியதும் தொடங்கி ஞாயிறு மாலை பூசி முடித்துவிட்டார். நடுவில் சனிக்கிழமை நானும் கோவிந்தம்மாளும் ஸ்டேஷனுக்குப் போனோம். சிவில் மேட்டர், கோர்ட் ஆர்டரோடு வாருங்கள் என்றார்கள். திங்கட்கிழமை எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து, சுவர் இருக்கிறது, இனித் தடுக்க என்ன இருக்கிறது என்று கேட்டார். சட்டப்படி அது சரியான கேள்வி. வரப்போவதைத் தடுக்கத்தான் நாங்கள் கேட்டிருந்தோம். வந்துவிட்டதை அகற்ற வேறு பரிகாரம் கேட்கவேண்டும்.

பின்னால் கொட்டகையில் சினைமாடு மாட்டிக்கொண்டது. நிறைமாதம். வீட்டுக்குள்ளாக ஓட்டிவரலாம் என்றால், பின்வாசல் வழியாக அதன் வயிறு நுழையவில்லை. நான் போனபோது கோவிந்தம்மாளின் மகன் கடப்பாரையோடு ஏழுமலையின் சுவர் முன்னால் நின்றார்.

“அதத் தொடாதீங்கண்ணா. தொட்டா கேஸ் உங்க மேல வரும்.”

கோவிந்தம்மாள் என் பக்கம் திரும்பினார். “அப்ப எதத்தாம்மா இடிக்கறது?”

“உங்களுத இடிக்கலாம்மா.”

அந்த வார்த்தையை என் வாயால் சொன்னேன். பின்வாசல் நிலையைப் பெயர்த்தார்கள். பக்கத்தில் இரண்டு வரி செங்கல்லையும் தட்டினார்கள். டி.வி.யையும் கட்டிலையும் தாண்டி மாடு கூடத்தில் நடந்து தெருவுக்கு வந்தது. ஏழுமலை தன் மாடியில் நின்று பார்த்தார். “கிரகப்பிரவேசமா பெரியம்மா? சொல்லவே இல்லியே” என்றார். தெருவில் இரண்டு பேர் சிரித்தார்கள்.

சந்து வழியை ஏழுமலைக்கே விற்றுவிட்டுச் சமாதானமாகப் போகச் சொன்னார் சீனியர். அவர் ஜூனியராக நான் அந்த அறையில் உட்கார்ந்த கடைசி வாரம் அது.

இந்தத் தொழிலுக்கு வரும் பெண்களுக்கு நான் சொல்ல ஒன்று இருக்கிறது. செங்கல் இறங்கியது என்று கேள்விப்பட்டால் அன்றைக்கே மனுவோடு நீதிபதி முன் நில்லுங்கள். வாரக்கடைசியில் சட்டத்துக்கு லீவு, கொத்தனாருக்கு லீவு இல்லை. எதிராளிக்கு இது நம்மைவிட நன்றாகத் தெரியும்.

கோவிந்தம்மாள் என்னைத் தேடி வந்தார். முதல் நாள் கேட்ட கேள்விக்கு வருத்தம் தெரிவிக்கவில்லை. நானும் எதிர்பார்க்கவில்லை. “கட்டு உங்கிட்டயே இருக்கட்டும்” என்றார். சீனியரிடம் சம்மதக் கையெழுத்து வாங்கி, என் பெயரில் வக்காலத்து போட்டேன். சுவரை அகற்ற உத்தரவு கேட்கும்படி வழக்குரையைத் திருத்த ஒரு மனு. சர்வேயரோடு வந்து சந்து வழியை அளக்கக் கோர்ட் சார்பில் ஒரு கமிஷனர் கேட்டு ஒரு மனு. பெயர்த்த பின்வாசலின் போட்டோவையும் சேர்த்தேன்.

இரண்டையும் தாக்கல் செய்துவிட்டேன். அன்றும் வெள்ளிக்கிழமைதான். திங்கட்கிழமைக்கு வைக்கவில்லை.