கத்தரிக்கோலுக்கு அனுமதியில்லாத தையல் வகுப்பு

உள்ளறைக்குள் நுழையும் முன் கத்தரிக்கோலை வாசல் ஆணியில் மாட்டிவிட வேண்டும். இப்படியொரு சட்டம் வேறெந்தத் தையல் வகுப்பிலும் இருந்திருக்காது. பழைய உப்புக் கிட்டங்கியின் மாடி. முன்னறையில் நான்கு மிஷின்கள் ஓடும். ஜாக்கெட்டுக்குக் கொக்கி வைப்போம், பாவாடைக்கு நாடா கோப்போம். ஆணியில் ஏழு கத்தரிக்கோல்கள் ஒன்றன்மேல் ஒன்றாகத் தொங்கும். கடற்காற்று வரும்போது அவை மெல்ல உரசிக்கொள்ளும். இன்றும் எங்காவது இரும்பும் இரும்பும் உரசினால் என் கை தானாக இடுப்பைத் தடவிப் பார்க்கிறது. மாட்டினேனா, மாட்டவில்லையா?

உள்ளறையை நாங்கள் கலாசாலை என்போம். அதை நடத்தியவர் உபதேசியாரின் மனைவி. கணவர் மாதா கோயிலில் பிள்ளைகளுக்கு ஜெபம் சொல்லிக்கொடுப்பார். மனைவி அந்தக் கோயில் எப்போதோ பாவம் என்று விலக்கியதையெல்லாம் எங்களுக்குச் சொல்லிக்கொடுப்பார். முத்துக்குளித்த காலத்தில் கடல்கட்டி என்றொருவர் இருந்தாராம். முக்குளிப்பவர்கள் கடலில் இறங்கும் முன் மந்திரம் சொல்லிச் சுறாவின் வாயைக் கட்டுவார், சாயங்காலம் அவிழ்ப்பார். முத்து போயிற்று, கடல்கட்டியும் போனார். வித்தை மட்டும் பெண்களிடம் ஒளிந்துகொண்டது. நோட்டில் எழுதக் கூடாது. எல்லாம் தலையணை உறைகளில் பூத்தையலாக இருந்தது. பார்ப்பவருக்கு ரோஜாக் கொடி. எங்களுக்கு அது காற்றுகளின் பெயர்கள், மறைந்துபோன முத்துப் படுகைகளின் வழி, கட்டும் மந்திரம். தடை செய்யப்பட்ட அறிவின் மேல் நாங்கள் தலை வைத்துத் தூங்கினோம்.

பரீட்சையும் உண்டு. உப்புத்தண்ணீர்ச் சட்டிக்குள் கையை விட்டு, பார்க்காமல், ஊறிப்போன முடிச்சை அவிழ்க்க வேண்டும். நான் இரண்டு முறை தோற்றேன். "வெட்டுறதுக்குக் கத்தரி போதும்ளா, அவுக்கதுக்குத்தான் ஆண்டவர் நகத்தக் கொடுத்திருக்காரு" என்பார் உபதேசியார் மனைவி. ஒருநாள் நான் பயந்துபோய், "பாவசங்கீர்த்தனத்துல சாமிகிட்ட என்னத்தச் சொல்ல?" என்று கேட்டேன். "ஊரார் துணியில மிச்சம் பிடிச்சேன்னு சொல்லு. அதுவும் உண்மதான?" என்றார். மற்ற ஆறு பெண்களும் சிரித்தார்கள். அவர்களில் அதிகம் சிரித்தவள் என் அக்காள்.

அக்காள் எங்களைப் போல வேடிக்கைக்கு வந்தவள் இல்லை. அத்தான் சங்கு குளிப்பவர். வள்ளத்தில் ஓடும் கம்ப்ரசரிலிருந்து ஒரு குழாய் போகும். அதை வாயில் கவ்விக்கொண்டு இறங்குவார். அவர் வீட்டைவிட்டுக் கிளம்பியதும் அக்காள் சிவப்பு நூலில் ஏழு முடிச்சுப் போட்டு, ஒவ்வொன்றுக்கும் ஒரு வரி சொல்லி, உப்புத்தண்ணீர்க் கிண்ணத்தில் போட்டு வைப்பாள். அவர் திரும்பி வந்து கால் கழுவும் சத்தம் கேட்டபிறகு உட்கார்ந்து ஒவ்வொன்றாக அவிழ்ப்பாள். "அதுகளும் சாப்பிடணும்லா" என்பாள் சுறாக்களைப் பற்றி, ஏதோ பக்கத்து வீட்டுக் கோழிகளைச் சொல்வதுபோல. கலாசாலையின் முதல் பாடமே அதுதான்: வெட்டியது அவிழ்த்ததாகாது. அவிழாத வாய் இரவெல்லாம் பட்டினி கிடக்கும்; பட்டினி கிடந்த வாயின்மேல் மறுநாள் எந்தக் கட்டும் நிற்காது.

எனக்கு அப்போது இருபது வயது. அக்காளுக்குக் காய்ச்சல், கண் திறக்க முடியவில்லை. அத்தான் வந்து குளித்துச் சாப்பிட்டுப் படுத்துவிட்டார். "ஏளா, எனக்காக இன்னைக்கி நீ அவுத்துரு, மறந்துராத" என்று கிண்ணத்தை என்னிடம் தந்தாள். தெருவில் மணப்பாட்டுத் திருவிழாவுக்குப் போகும் வேன் நின்றுகொண்டிருந்தது. சிநேகிதிகள் கூச்சல் போட்டார்கள்: "வாரியா, இல்ல அங்கனயே முட்ட போடுதியா?" மூன்று முடிச்சு அவிழ்ந்தது. நான்காவது ஊறி இறுகி, கல்லாகக் கிடந்தது. என் இடுப்பில் கத்தரிக்கோல் இருந்தது.

ஒரு நொடிகூட ஆகவில்லை. முடிச்சுகளுக்கு நடுவே வெட்டினேன், துண்டுகளை மிஷினடியில் கிடந்த துணிக்கழிவுக் கூடையில் போட்டேன். பாடம் ஞாபகம் வராமல் இல்லை. பரீட்சைக்குத்தானே அதெல்லாம் என்று நினைத்தேன். "அவுத்துட்டியாளா?" என்றாள் அக்காள் படுக்கையிலிருந்து. "அவுத்துட்டேன்" என்றேன். வேனில் எனக்கு ஜன்னலோர இடம் கிடைத்தது.

மறுநாள் காலையில் காய்ச்சலோடே எழுந்து அக்காள் புது நூலில் முடிச்சுப் போட்டிருக்கிறாள். நான் திருவிழாவிலிருந்து திரும்பியபோது மதியம். வீட்டு முன்னால் செருப்புகளாகக் கிடந்தன. குழாய் கிழிந்து மூச்சு நின்றது என்று காகிதத்தில் எழுதினார்கள். அத்தானின் இடது தொடையைச் சுற்றியிருந்த வெள்ளைத் துணியை விலக்கிப் பார்த்தவள் அக்காள் மட்டும்தான். அழவில்லை. தன் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். "காச்சக் கைம்மா. முடிச்சு இறுகல போல" என்று உபதேசியார் மனைவியிடம் சொன்னதை நான் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டேன். அப்போதே நான் வெளியே வந்திருக்க வேண்டும்.

வரவில்லை. கலாசாலை அந்த மாதத்தோடு மூடிப்போயிற்று. தலையணை உறைகளை ஆளுக்கொன்றாகப் பிரித்துக்கொண்டோம். அக்காள் தன் பங்கையும் என்னிடமே தந்தாள். பிறகு எத்தனையோ வருடங்கள் நானும் அவளும் ஒரே வீட்டில் இருந்தோம். ஊரோடு பேசுவாள், மீன்காரியிடம் சண்டை போடுவாள், கோயிலில் பாடுவாள். நான் மட்டும், "அக்கா, அன்னைக்கிச் சாயங்காலம்..." என்று தொடங்கினால் அவள் தாடை இறுகிவிடும். உதடுகள் ஒட்டிக்கொள்ளும், கண்ணில் நீர் முட்டும், கழுத்து நரம்பு புடைக்கும். டாக்டர் நரம்புக் கோளாறு என்றார். கொஞ்ச நேரம் கழித்து வாய் விட்டுக்கொடுக்கும்போது அதிலிருந்து ஒரே வாக்கியம்தான் வரும்: "சாப்பிட்டியாளா?" நான் சாப்பிட்டேன் என்பேன். அவளைத் துன்பப்படுத்த வேண்டாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு, என்னைக் காப்பாற்றிக்கொண்டேன். நூறு முறை தொடங்கியிருப்பேன்; நூறு முறையும் அவள் தாடைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன்.

போன மழைக்காலத்தில் அக்காள் இறந்தாள். அலமாரியை ஒழிக்கும்போது துணிகளுக்கு அடியில் ஒரு பவுடர் டப்பா கிடைத்தது. உள்ளே சிவப்பு நூல். கையில் எடுத்ததும் தெரிந்துவிட்டது. நூலின் நடுவே நேராக, சுத்தமாக, கத்தரித்த முனைகள். துணிக்கழிவுக் கூடையிலிருந்து அவள் பொறுக்கியிருக்கிறாள். நான் விட்டுவைத்த நான்கையும் நகத்தால் அவிழ்த்துவிட்டு, துண்டுகளை முனையோடு முனை சேர்த்துப் புதிதாக ஏழு முடிச்சுகள் போட்டிருக்கிறாள். கலாசாலையில் படித்த அதே கட்டு. ஒவ்வொரு முடிச்சிலும் அவளுடைய தலைமுடி ஒன்று சுற்றியிருந்தது. சுறாவுக்குப் போடும் கட்டில் முடி இருக்காது.

அக்காள் தன் வாயைக் கட்டியிருந்தாள். நான் வெட்டியது தனக்குத் தெரியும் என்பதை என்னிடம் ஒருநாளும் சொல்லிவிடக் கூடாது என்று. கட்டை அவிழ்க்காமலே இத்தனை வருடம் பட்டினி கிடந்த வாய் அது.

இப்போது என் வீட்டு வாசலில் ஓர் ஆணி அடித்திருக்கிறேன். கத்தரிக்கோல் அதில் தொங்குகிறது. துறைமுகத்துக் கப்பல் ஊதுகிறது. வெயில் இறங்கும் நேரம். கிண்ணத்தில் உப்புத்தண்ணீர் எடுத்து நூலை நனைத்து, உள்ளறையில் தரையில் உட்கார்ந்திருக்கிறேன். ஆறு முடிச்சுகளை நகத்தாலேயே அவிழ்த்துவிட்டேன். நகக்கண்ணில் ரத்தம் வந்திருக்கிறது. ஏழாவதில் கை நிற்கிறது. இது விட்டுக்கொடுத்தால் அவள் வாய் திறக்கும். அவள் என்னைத் திட்ட வேண்டிய அந்த ஒரு வார்த்தையைக் கேட்டுவிடுவேன், தாங்கிக்கொள்ளலாம். அப்போதும் அவள், சாப்பிட்டியாளா என்றே கேட்டுவிட்டால்?

காற்று வருகிறது. வாசல் ஆணியில் கத்தரிக்கோல் தனியாக ஆடுகிறது. உரசுவதற்கு அங்கே வேறொன்று இல்லை.