எல்லைக்கல்லுக்கு அப்பால் ஒரு கழிப்பறை

பேச்சுப் போட்டிகளில் நான் வென்ற கோப்பைகளுக்கு எங்கள் வீட்டு அலமாரியில் இடம் போதவில்லை. ஆகவே, சித்தப்பாவின் கழிப்பறை மீது வனத்துறை நடவடிக்கை எடுத்தபோது, வழக்கறிஞர் எதற்கு, நான் ஒருவனே போதும் என்று குடும்பம் முடிவு செய்தது. குடும்பம் என்று இங்கே குறிப்பிடுவது பெரும்பாலும் என்னைத்தான்.

சித்தப்பா விருத்தாசலத்தில் பீங்கான் சூளை வேலை பார்ப்பவர். ஊருக்கு வெளியே, முந்திரித் தோப்பைத் தாண்டி அவர் வீடு. கொல்லைப்புறம் முடிகிற இடத்தில் காப்புக்காடு தொடங்குகிறது. இரண்டையும் பிரிப்பது வனத்துறை நட்ட எல்லைக்கல் ஒன்று. தலை தட்டையாக, பாதம் வைக்க வாகாக இருந்த அந்தக் கல்லை, கழிப்பறை கட்ட வந்த கொத்தனார் வாசற்படியாக்கிவிட்டார். ஒரு படி மிச்சம் என்று சித்தப்பாவும் மகிழ்ந்தார். அன்று முதல், வயிற்றைப் பிடித்துக்கொண்டு அந்தக் கல்லைத் தாண்டிய ஒவ்வொருவரும் அரசின் காட்டுக்குள் அனுமதியின்றி நுழைந்தவர் ஆனார்.

ஆக்கிரமிப்பை அகற்றுமாறு நோட்டீஸ் வந்தது. இடிப்பதில் சித்திக்கு மறுப்பில்லை. கல்லுக்கு இந்தப் பக்கம் வேறொன்று கட்டும்வரை அவகாசம் வேண்டும், அவ்வளவே. விடியுமுன் சொம்போடு தோப்புக்கு நடந்த காலத்துக்குத் திரும்பிப் போக அவர் தயாராக இல்லை.

"டைம் மட்டும் கேளு தம்பி. வேற ஒண்ணும் பேசாத," என்றார்.

மேடைக் கலைக்கென்று ஒரு முறை உண்டு. எதிரணியின் வாதத்தை அவர்களைவிட அழகாகக் கட்டி எழுப்பிவிட்டு, பிறகு தகர்க்க வேண்டும். தகர்க்கும்போதுதான் கைதட்டல் விழும். விசாரணை அதிகாரி முன் நான் அவ்வாறே தொடங்கினேன்.

"இன்று எல்லைக்கல் வாசற்படி ஆனது, நாளை காடே கூடமாகும். பறவைக்கு ஏது பட்டா? நரிக்கு ஏது நோட்டீஸ்?"

வனக்காப்பாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். சித்தப்பா தலையைக் குனிந்துகொண்டார். "ஆனால்" என்று நான் குரலை உயர்த்திய வேளையில் அதிகாரியின் செல்போன் ஒலித்தது. திட்டக்குடிப் பக்கம் எங்கோ காட்டில் தீயாம்.

"ரொம்ப நேர்மையா ஒத்துக்கிட்டீங்க தம்பி. மிச்சத்த அடுத்த வாய்தாவுல பாப்போம்," என்று எழுந்து போய்விட்டார்.

வெளியே வந்ததும் சித்தி கேட்டார்: "நீ யாருக்குடா பேச வந்த?"

"இது முற்பகுதி சித்தி."

"அந்த 'ஆனாலு'லேர்ந்தே ஆரம்பிச்சா என்னா?"

திரும்பும் பஸ்ஸில், கண்டக்டர் என்னைக் காட்டிக் கேட்டபோது, "அவரு யாரோங்க. தனி டிக்கெட்டு," என்றார் சித்தி.

அடுத்த வாய்தாவுக்குள் அந்த அதிகாரி மாற்றலாகி, அவர் நாற்காலியில் ஓர் அம்மையார் அமர்ந்திருந்தார். உரையின் ஓட்டம் கெடலாகாது என்பதால் நான் விட்ட இடத்திலேயே தொடங்கினேன்.

"ஆனால், இதுவரை இந்த அவையில் சொல்லப்பட்ட அனைத்தும் உண்மைக்குப் புறம்பானவை."

"யார் சொன்னது?"

"நான்."

அம்மையார் வனக்காப்பாளரைப் பார்த்தார்.

"அன்னிக்கு நம்ம பக்கம் பேசினாருங்க மேடம். ரொம்ப நல்லா பேசினாரு."

"இன்னிக்கு?"

"தெரியலைங்க."

அம்மையார் சித்தியிடம் திரும்பினார். "இவரு இன்னும் எவ்ளோ நேரம் பேசுவாரு?"

"வுட்டா முந்திரி பூத்து, காச்சி, பறிக்கிற வரைக்கும் பேசுவாங்க."

"உங்களுக்கு என்னம்மா வேணும்?"

"கல்லுக்கு இந்தாண்ட புதுசா கட்டற வரைக்கும் பழச இடிக்கக் கூடாது. அது போதுங்க."

"குடுத்தாச்சு. இவர அழைச்சிக்கிட்டுப் போங்க."

என் பேச்சின் முன் ஓர் அரசு அலுவலகம் அத்தனை விரைவாக இறங்கி வந்ததை நான் அடக்கத்தோடு இங்கே பதிவு செய்கிறேன்.

அடுப்படிச் சுவருக்கும் எல்லைக்கல்லுக்கும் நடுவே கிடைத்த இடம் குறுகல். புதுக் கழிப்பறையின் உள்ளே போய்த் திரும்ப இடமில்லாததால், மரியாதையாகப் பின்பக்கமாகத்தான் நுழைய வேண்டும். பருத்த உடம்புக்காரரான சித்தப்பா இருமுறை முயன்றும் கதவைச் சாத்த முடியவில்லை. வனக்காப்பாளர் கடப்பாரையோடு வந்து, காட்டுக்குள் இருந்ததை இடித்துத் தள்ளினார். அந்தச் சத்தம் ஓய்ந்ததும் சித்தி பின்பக்கமாக நடந்து புதியதற்குள் போய்த் தாழிட்டுக்கொண்டார். நெடுநேரம் ஆகியும் வரவில்லை.

"என்னா பண்ற உள்ள?" என்று சித்தப்பா கதவைத் தட்டினார்.

"ஒண்ணும் பண்ணல. சும்மா குந்திக்கினு இருக்கறேன்."