வாஷிங் மெஷினில் குளித்த யானைகள்

முதலில் குற்றத்தை ஒப்புக்கொண்டு விடுகிறேன். அக்காவின் தும்பறைப் பாயை நான்தான் வாஷிங் மெஷினில் போட்டேன். 'மென்மையான துணிகள்' என்று எழுதியிருந்த பொத்தானைத்தான் அழுத்தினேன் என்பதையும் சேர்த்துக் குறித்துக்கொள்ளுங்கள்.

தும்பறைப் பாய் படுக்கிற பாய் அல்ல. கண்டிக்குக் கிழக்கே சில கிராமங்களில் செடி நாரில் நெய்து, செடிச் சாயம் ஏற்றி, சுவரில் மாட்டுவதற்காக விற்பார்கள். அக்காவுடையதில் சிவப்பும் கறுப்புமாக இரண்டு யானைகள் எதிரெதிரே நிற்கும். நாலு வருடத்துக்கு முன் அக்கா ஓய்வுபெற்ற அன்று, கந்தோரில் கூட வேலை செய்தவர்கள் எல்லோரும் காசு போட்டு வாங்கிக் கொடுத்தது. வீட்டு ஹாலில் அத்தானின் படத்தைவிட நல்ல இடத்தில் தொங்கும். அத்தான் உயிரோடுதான் இருக்கிறார். அதனால் அவருக்கே அதில் கொஞ்சம் மனத்தாங்கல் உண்டு.

போன வாரம் அக்காவும் அத்தானும் அக்காவின் கண் ஒப்பரேஷனுக்காகக் கொழும்புக்குப் போனார்கள். கண்ணில் படலம் விழுந்து ஐந்தாறு வருடமாக எல்லாமே பனிமூட்டமாகத் தெரிகிறது என்று புலம்பிக்கொண்டிருந்தார். பூச்சாடிகளுக்குத் தண்ணீர் ஊற்றச் சொல்லிச் சாவியை என்னிடம் கொடுத்தார்கள். நான் பூச்சாடிகளோடு நின்றிருக்கலாம். நான் பயணக் கதை எழுதுகிற இந்த இணையதளத்தில் போடப் படம் பிடிக்கலாமே என்று புதன்கிழமை மாலை பாயைக் கழற்றி மேசையில் விரித்தேன். விரித்த கையோடு அதன்மேல் பிளேன்டீயைக் கொட்டினேன். அப்புறம் மெஷின். நாற்பது நிமிடம் கழித்துத் திறந்தால், ஒரு யானைக்குக் கால் இல்லை. மற்ற யானை கரைந்தே போயிருந்தது. கூடப் போட்ட என் இரண்டு வெள்ளை பனியன்களும் ரோஸ் நிறம்.

அந்த நேரம் பார்த்துப் போன் அடித்தது.

"நாளைக்குக் கட்டு அவுக்குறாங்கடா தம்பி. சனிக்கிழமை மத்தியானம் வந்துருவோம். வந்ததும் வீட்டுல ஒவ்வொண்ணா நின்னு பாக்கணும்."

அந்த 'ஒவ்வொண்ணா'வைக் கேட்டதுமே, பாய் நெய்கிற ஊருக்கு பஸ் நேரம் தேடினேன்.

வியாழன் காலை 7.10க்குக் கட்டுகஸ்தோட்டைப் பாலத்தடியில் பஸ் ஏறினேன். கண்டிக்கு ஐந்து கிலோமீட்டர்தான், ஆனால் பள்ளிக்கூட நேரம், முப்பத்தைந்து நிமிடம் ஆயிற்று. எட்டு மணிக்குத் திகன பஸ். 9.05க்குத் திகனவில் இறங்கினேன். இரண்டு பஸ்ஸுக்கும் சேர்த்து 160 ரூபாய். பாயின் பூதவுடல் ஒரு துணிப்பையில் என் மடியிலேயே வந்தது.

முச்சக்கர வண்டிக்காரர் பெயர் நிஸ்தார். என் வயதுதான் இருக்கும், ஆனால் வயிறு இல்லை. முஸ்லிம் அண்ணன்மாரை இங்கே 'நானா' என்போம்.

"பாய் நெய்யிற ஊருக்குப் போகணும் நானா."

"வாங்கவா, பாக்கவா?"

"ஏன், ரெண்டுக்கும் ரெண்டு ரேட்டா?"

"பாக்க வாறவங்க போட்டோ புடிச்சிட்டு பத்து நிமிசத்துல வந்துருவாங்க. வாங்க வாறவங்க ஒரு மணித்தியாலம் பேரம் பேசுவாங்க. வெய்ட்டிங்கையும் சேத்துத்தானே ரேட் செல்லணும்?"

பையைத் திறந்து காட்டினேன். என்ஜினை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தார்.

"யா அல்லாஹ்! இது எனத்த அண்ணன்? கோழி அடைக்கு வச்ச கூடா?"

விஷயத்தைச் சொன்னேன். போக, வர, காத்திருக்க எல்லாம் சேர்த்து 1,800 என்று முடிவாயிற்று. நான்கு கிலோமீட்டர் வழி முழுக்க அவர் தோள் குலுங்கியது. ரோடு மோசம் என்று முதலில் நினைத்தேன்.

சீலவதி என்ற நெசவுக்கார அம்மா தரையில் உட்கார்ந்து தறியில் வேலை செய்துகொண்டிருந்தார். பேச்சு சிங்களத்தில், நான் தமிழில் தருகிறேன். பாயை இரண்டு விரலால் தூக்கிப் பார்த்தவர், "மாத்தயா, இத எதுக்கு அவிச்சீங்க?" என்றார். பிறகு வேலிக்கு அந்தப்பக்கம் குரல் கொடுத்தார். நான்கு பெண்கள் வந்தார்கள். துக்கம் விசாரிக்கச் சிரித்துக்கொண்டே வந்த கூட்டத்தை அன்றுதான் பார்த்தேன்.

அதிர்ஷ்டம், அவர் தறியிலேயே இரட்டை யானை ஒன்று இருந்தது. அதே அளவு, அதே தும்பிக்கை. கடைசி ஒரு சாண் மட்டும் பாக்கி.

"அடுத்த புதன் வாங்க. நூல் முறுக்குற தங்கச்சி கல்யாணத்துக்குப் போயிட்டா."

"சனிக்கிழமை அக்கா வர்றாங்கம்மா. கண்ணு வேற புதுசு."

அவர் என்னைத் தலையிலிருந்து கால் வரை பார்த்தார். காலில் பார்வை நின்றது. "அப்ப நீங்களே முறுக்குங்க. நாலு மணிக்குத் தந்துடறேன்."

எல்லாம் 'ஹண' என்கிற செடியிலிருந்து வருகிறது. கற்றாழைக்குப் பெரியப்பா மாதிரி, ஆள் உயரத்துக்கு, ஓரமெல்லாம் முள். இலையைக் கட்டையில் வைத்துச் சுரண்டினால் சதை போய் வெள்ளை நார் மிஞ்சும். அதைக் கழுவிக் காயவைக்க வேண்டும். எனக்குத் தந்தது காய்ந்த நார்தான். இருந்தாலும் வாசகர்களுக்காக ஓர் இலையைச் சுரண்டிப் பார்க்கிறேன் என்று நானே வலியப் போனேன். பச்சைச் சாறு முழங்கை வரை வழிந்தது. ஐந்தாவது நிமிடம் அரிப்பு எடுத்தது. பத்தாவது நிமிடம் நான் ஆடியதைக் கண்டிப் பெரஹரா ஊர்வலத்தில் ஆடியிருந்தால் சன்மானம் கிடைத்திருக்கும்.

சாயங்களையும் காட்டினார். சிவப்புக்குப் பதங்கி என்கிற பதிமுகக் கட்டையை அவிக்கிறார்கள். மஞ்சளுக்கு மரமஞ்சள். கறுப்புக்குக் கடுக்காயோடு சேறு. சேற்றை விட்டால் எல்லாம் மருந்துக்கடைச் சாமான். நமக்கு வயிற்றுக்குக் கொடுப்பதை யானைக்கு உடம்பெல்லாம் பூசியிருக்கிறார்கள்.

நூல் முறுக்க இயந்திரம் ஏதாவது தருவார் என்று பார்த்தேன். இயந்திரம் என் கால்தான். காற்சட்டையை முழங்காலுக்கு மேல் சுருட்டி, நாரை வெறுங்காலில் வைத்து, உள்ளங்கையால் அழுத்தி உருட்ட வேண்டும். நார் நூலாகும். காலில் உள்ள முடியும் கூடவே நூலாகும்.

"அண்ணன், ஒங்கட முடியும் பாயில போகுது," என்றார் நிஸ்தார். "அக்காவுக்கு இனி இது இரத்த சொந்தம்."

"சிரிக்காம நீங்க ஒருக்கா உருட்டிப் பாருங்களேன்."

உருட்டினார். மூன்று மணி வரை நான் முறுக்கியது பதினோரு முழம். அவர் வெற்றிலை போட்டுக்கொண்டே, பொழுதுபோகாமல் முறுக்கியது நாற்பது. அதில் முப்பதைத்தான் சீலவதி அம்மா எடுத்தார். என்னுடையதில் ஒரு முழம்கூட எடுக்கவில்லை. "இது மாட்டைக் கட்ட நல்லா இருக்கும்," என்று சுருட்டி என் கையிலேயே கொடுத்துவிட்டார்.

4.20க்குப் பாய் கைக்கு வந்தது. 6,500 ரூபாய். பேரம் பேசுகிற நிலையில் என் கால் இல்லை.

சனிக்கிழமை 12.40. அக்கா கறுப்புக் கண்ணாடியோடு இறங்கினார். ஹாலில் நின்று கண்ணாடியைக் கழற்றினார். கடிகாரத்தைப் பார்த்தார். காலண்டரைப் பார்த்தார். அத்தானைப் பார்த்து, "இவ்வளவு நரைச்சிருச்சா உங்களுக்கு?" என்றார். பிறகு பாயின் முன்னால் போய் நின்றார். நகரவே இல்லை. 

"டேய் தம்பி."

"என்னக்கா?"

"இது எப்பவுமே இப்புடித்தான் செவப்பா இருந்துச்சா?"

"எப்பவுமேக்கா."

"பாரேன்! இத்தன வருசமா சாயம் போன பாய்னுல்ல நெனச்சுக்கிட்டு இருந்தேன்." அக்கா யானையின் முதுகைத் தடவினார். "அந்த டாக்டர் கை நல்லா இருக்கணும்டா."

நானும் அந்த டாக்டரை மனதார வாழ்த்தினேன்.

போகிறவர்களுக்கு: காலை ஒன்பதுக்குள் திகனவில் இருங்கள், பிற்பகல் மழைக்கு முன் திரும்பிவிடலாம். இலை சுரண்ட ஆசைப்பட்டால் முழுக்கைச் சட்டை போடுங்கள். காற்சட்டையைச் சுருட்டச் சொன்னால் அவசர வேலை இருப்பதாகச் சொல்லுங்கள். பாயில் அழுக்குப் பட்டால் ஈரத்துணியால் ஒற்றி நிழலில் உலர்த்துங்கள், அதற்கு மேல் ஒன்றும் செய்யாதீர்கள். எங்கள் உறவினர்கள் இதை வாசித்தால் வாயை மூடிக்கொண்டிருக்கவும்.

திரும்பி வந்ததிலிருந்து ஒரு பெருமிதம் பிடித்துக்கொண்டது. நைலான் இல்லை, சாயப் பாக்கெட் இல்லை. மலைச்சரிவில் நின்ற ஒரு முள்செடியில் கயிறும் பாயும் கண்ட ஆதிகால மூளையை நினைத்தால் மயிர்க்கூச்செறிகிறது (மிச்சம் இருக்கிற இடத்தில்). அக்காவிடம் இரண்டு நாளாக இதே பிரசங்கம்தான்.

ஞாயிறன்று புதுக்கண்ணுக்குப் பச்சை காட்டலாம் என்று அக்காவைப் பேராதனைப் பூந்தோட்டத்துக்குக் கூட்டிப்போனேன். ஒரு திருப்பத்தில் அதே செடி நின்றது. "இதுதான்க்கா! நம்ம மண்ணுல ரெண்டாயிரம் வருசமா நிக்கிற செடி!" என்று கையை நீட்டினேன். அக்கா பத்தடி தள்ளி நின்றே, கண்ணாடி இல்லாமல், அதன் காலடியில் இருந்த பலகையை ஒவ்வோர் எழுத்தாக வாசித்தார்.

"பொறந்த ஊரு மெக்ஸிக்கோன்னு போட்டிருக்காங்களேடா."